நம்ம கால்

பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று அவருக்கு இருந்தது. அதைச் சொல்லிக் கூப்பிடத்தான் ஆளில்லாமல் போயிற்று. ஊருக்கு அவர் கால்காரர். காலைப் பறிகொடுத்தவர்களுக்கு அளவெடுத்துச் செயற்கைக்கால் செய்து கொடுப்பார், பழுதானால் பார்ப்பார். முன்னறையில் ஒரு பெஞ்சு, பின்னறையில் பட்டறை, சுவர் முழுக்க ஆணியில் தொங்கும் கால்கள். புதிதாக வருகிறவர்கள் அந்தச் சுவர்ப்பக்கம் திரும்பவே மாட்டார்கள்.

'என் கால்' என்று சொல்ல அவர்களுக்கு வாய் வராது. 'அது', 'இந்தச் சாமான்' என்று மென்று விழுங்குவார்கள். கால்காரரே முந்திக்கொண்டு, "நம்ம கால் எப்படி இருக்கு? கடிக்குதா?" என்பார். வந்தவர் முகம் இளகிவிடும். முப்பது வருஷத்தில் அந்த 'நம்ம' அவர் நாக்கில் குடியேறிவிட்டது. "உங்களுக்கு மொத்தம் எத்தனை காலுங்க?" என்று மனைவி கேலி செய்வாள்.

வெளிநாட்டிலிருந்து முழங்கால் மூட்டு ஒரு பெட்டி வரவழைத்ததில்தான் வினை வந்தது. மருத்துவச் சாமானுக்குத் தீர்வை கிடையாது என்று விட்டுவிட்ட அதே சுங்க அலுவலகம், இரண்டு வருஷம் தூங்கி எழுந்து, 'இவை இயந்திர உதிரிபாகம், தீர்வை கட்டு' என்றது. கால்காரர் தலைகீழாக நின்று பார்த்தார். கட்ட முடியவில்லை.

ஒரு நாள் காலையில் அதிகாரி ஐந்து பேரோடு வந்து இறங்கினார். கையிலிருந்த உத்தரவில் ஒரே ஒரு பொருள்தான்: மூட்டுப் பெட்டி. அதைக் கால்காரரே எடுத்துக் கொடுத்தார். வாங்கிக்கொண்டு போயிருக்கலாம். கை நீண்ட மனிதருக்குக் கண்ணும் நீளம்தானே, அது சுவருக்குப் போயிற்று.

"இதெல்லாம் யாரோடது?"

"எல்லாம் நம்ம கால்தான் சார்."

யோசிக்காமல் வந்த பதில். அதிகாரி எழுதினார்: 'கால்கள் பதினாறு. தன்னுடையவை என ஒப்புக்கொண்டார்.'

"ஐயோ, நம்மன்னா என்னோடது இல்ல சார்! ரிப்பேருக்குக் கொடுத்தவங்களோடது. சும்மா பேச்சுக்குச் சொல்றது."

"நீ சொன்னதைத்தானே எழுதினேன்?"

"உத்தரவுல பெட்டி மட்டும்தானே சார் இருக்கு?"

"எனக்கே சட்டம் சொல்லித் தர்றியா?"

உளி, அச்சு, தையல் ஊசி வரை மூட்டை கட்டினார்கள். பெஞ்சில் கணக்கு டீச்சர் உட்கார்ந்திருந்தார். பள்ளிக்கூடம் போகிற வழியில், வார் அறுந்த காலைக் கழற்றிக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தவர். மேஜைமேல் கிடந்த அதையும் ஒருவன் தூக்கினான்.

"சார், அது என் கால்," என்றார் டீச்சர். அப்படி அவர் சொல்லி யாரும் கேட்டதில்லை.

"ரசீது இருக்காம்மா?"

கால்காரர் அதிகாரியின் காலில் விழுந்தார். அந்த ஆள் தன் இரண்டு நல்ல கால்களையும் பின்னுக்கு இழுத்துக்கொண்டு வண்டி ஏறினார். பன்னிரண்டு வருஷமாக யாரையும் தன்னைத் தூக்க விடாத டீச்சரை, கால்காரரும் மனைவியுமாகத் தூக்கி ஆட்டோவில் உட்கார வைத்தார்கள். டீச்சர் கைப்பையால் முகத்தை மறைத்துக்கொண்டார்.

அலுவலகத்துக்கும் நீதிமன்றத்துக்கும் கால்காரர் நடையாய் நடந்தார். வேறு கால் செய்து கொடுக்கக் கருவி ஏது? ஒன்பது மாதம் கழித்துத் தீர்ப்பு வந்தது. உத்தரவில் இல்லாததை எடுத்தது அத்துமீறல், எல்லாவற்றையும் திருப்பிக் கொடு. அதிகாரியை வேறு ஊருக்கு மாற்றினார்கள், அவ்வளவுதான். ஒழுகும் கிடங்கில் கிடந்து கால்களின் தோலெல்லாம் பூஞ்சை பிடித்திருந்தது.

டீச்சரின் காலுக்குப் புதுத் தோல் தைத்து வீட்டுக்கே எடுத்துப் போனார். பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலைக்கு வேறொருவர் வந்தாகிவிட்டது. ஒன்பது மாதம் உட்கார்ந்தே இருந்ததில் தொடை இளைத்துப்போய், காலுக்குள் இரண்டு விரல் நுழைகிற அளவுக்கு இடைவெளி. டீச்சர் சுவரைப் பிடித்து எழுந்தார், ஓரடி வைத்தார், உட்கார்ந்துவிட்டார்.

"புதுசா அளவெடுத்துச் செஞ்சிடலாம் டீச்சர்."

"எதுக்குங்க? இனிமே எங்க போகப்போறேன்?"

கால்காரரின் முகத்தைப் பார்த்து டீச்சருக்குத்தான் மனசு கேட்கவில்லை. மடியில் கிடந்ததைத் தடவிக்கொண்டே, "விடுங்க. நம்ம கால்தானே," என்றார்.

"இல்ல டீச்சர், உங்க கால்," என்றார் அவர். "உங்க கால்தான் டீச்சர், உங்க கால்." அன்றைக்கு ஒரு தடவை சொல்லியிருக்க வேண்டியதை, தரையில் உட்கார்ந்து திரும்பத் திரும்பச் சொல்லி அழுதார்.