மண்ணில் மூடிய பச்சடி

என் நைனா செபாஸ்தியான் ரங்கூனில் பதினெட்டு வருஷம் ஓட்டல் சமையல்காரராக இருந்தவர். அறுபத்துநாலில் கப்பலேறித் திரும்பி, செஞ்சியில் திண்டிவனம் சாலையோரம் இட்லிக்கடை போட்டார். சாம்பாரில் உப்பு தூக்கல் என்று யாராவது சொன்னால், “ரங்கூன்ல தொரைங்களே வழிச்சி நக்குனது” என்பார்.

காளானும் வெள்ளரியும் சேர்த்து அவர் செய்யும் குளிர்ந்த பச்சடி எங்கள் வீட்டில் எல்லோருக்கும் பிடிக்கும். காளானை வேகவைத்துப் பிழிந்து நாராகக் கிழிப்பார். வெள்ளரிப் பிஞ்சைத் தாள்போலச் சீவி உப்பில் பிசறுவார். எலுமிச்சைச் சாறு, பூண்டு பொரித்த எண்ணெய், வறுத்த மல்லாட்டைப் பொடி, அதாவது வேர்க்கடலைப் பொடி. கலந்த சட்டியைக் கொல்லையில் ஈர மணலில் புதைத்து, நனைத்த கோணியால் மூடிவிடுவார். மூன்று மணி நேரம் யாரும் தொடக்கூடாது. புதைக்கும் முன் தான் மட்டும் ஒரு கிண்ணம் சாப்பிடுவார். கெட்ட காளானாக இருந்தால், சட்டி குளிர்வதற்குள் தன் வயிறு காட்டிக்கொடுத்துவிடும் என்பது அவர் நம்பிக்கை. அத்தனை வருஷத்தில் அது பொய்த்ததில்லை.

அறுபத்தாறு வைகாசியில் அக்கா லில்லி நாலு மாதக் கர்ப்பத்தோடு வந்திருந்தாள். எதைச் சாப்பிட்டாலும் வாந்தி.

“நைனா, அந்தப் பச்சடி மட்டும் உள்ள எறங்கும் போலக்குது.”

இரண்டு நாள் இடியும் மழையுமாக இருந்தது. மூன்றாம் நாள் காலை அவர் சிங்கவரம் பக்கம் போய், துண்டு நிறையக் காளானோடு வந்தார். முட்டை போன்ற வெள்ளை மொட்டுகள். அடியில் கிண்ணம்போல ஓர் உறை.

பக்கத்து வீட்டு அனந்தமதியம்மாள் வேலிக்கு அப்பாலிருந்து பார்த்தார். தொண்டூர்ச் சமணக் குடும்பம். காளான் அவர்கள் வீட்டு வாசற்படி ஏறாது.

“எங்க ஊர்லயும் இது வரும். ஆடு கூட மோந்துட்டு போயிடும். வாணாங்க.”

“காளானே துன்னாதவங்க காளானுக்குத் தீர்ப்பு சொல்றீங்க.” நைனா சிரித்தார். “ரங்கூன்ல கிண்ணம் வெச்சதத்தான் தேடிப் பொறுக்குவோம். வைக்கோல்ல வரும்.”

“இது வைக்கோல்லயா வந்துது?”

“புளியமரத்தடி,” என்றபடி அவர் கத்தியைத் தீட்டத் தொடங்கிவிட்டார். கல்லூரியில் தாவரவியல் படித்துக்கொண்டிருந்த நானும் ஒன்றும் சொல்லவில்லை.

தன் கிண்ணத்தைச் சாப்பிட்டார். மூன்று மணி நேரம் எதுவும் நடக்கவில்லை. தூங்கிக்கொண்டிருந்த லில்லியை எழுப்பிக் கொல்லைக்கு அழைத்துவந்தபோது மணல் கலைந்திருந்தது. அனந்தமதியம்மாள் எருக்குழியருகே குனிந்து மண்ணைத் தள்ளிக்கொண்டிருந்தார். பக்கத்தில் சட்டி காலியாகக் கிடந்தது.

“கோழி துன்னுட்டு சாவப் போவுது,” என்றார், எங்களைப் பார்க்காமல்.

“கல்லு மாதிரி நிக்கறேன். புள்ளத்தாச்சி சாப்பாட்டுல மண்ணப் போட்டீங்களே.” நைனா காலிச் சட்டியைக் கையில் எடுத்தார். லில்லி அழுதாள்.

மறுநாள் விடியலில் அவருக்கு வாந்தியும் பேதியும் கண்டது. அதற்கு அடுத்த நாள் அது நின்றது. எழுந்து கடையைத் திறந்தார். வேலியருகே போய், “பாத்தீங்களா, ஒண்ணும் ஆவல. வந்து இட்லி வாங்கிக்கினு போங்க” என்றார். அனந்தமதியம்மாள் அவர் கண்களையே பார்த்துக்கொண்டிருந்தார். சிரிக்கவில்லை.

நாலாம் நாள் அந்தக் கண்கள் மஞ்சளாயின. கல்லீரல் போய்விட்டது என்றார் டாக்டர். சில காளான்களின் விஷம் இப்படித்தான், வயிற்றை விட்டதுபோல விட்டு உள்ளே தின்னும் என்றார்.

ஐந்தாம் நாள் நைனா கேட்டார்: “லில்லி வாயில வெச்சாளா?” இல்லை என்று அம்மா சொன்னாள், நான் சொன்னேன், லில்லியே சொன்னாள். அவர் நம்பவில்லை. அனந்தமதியம்மாளைக் கூப்பிடச் சொன்னார்.

“இவங்க என்னத் தேத்தறாங்க. நீங்க பொய் சொல்ல மாட்டீங்க. புள்ள ஒரு வாயாவது துன்னுச்சா?”

“இல்லிங்க. சட்டி மூடுனது மூடுனபடியே இருந்துது. நான்தான் தெறந்து கவுத்தேன்.”

நைனா அவர் பக்கம் தலையைத் திருப்பினார்.

“ஆழமா மூடுனீங்களா?”

“மேல கல்லு வெச்சிருக்கறேன்.”

“கோழி கெளறும். பாத்துக்குங்க,” என்றார். அதுதான் அவர் கடைசியாகப் பேசியது.