குடல்வாலும் ஒரு ஜோடி உழவு மாடும்

எழுபதுகளின் கடைசியில், நடவு நேரம் பார்த்து எனக்கு வயிற்று வலி வந்தது. வலது பக்கம் தொட்டால் உயிர் போனது. காரைக்கால் டவுனில் பேர்பெற்ற தனியார் டாக்டர் ஒருவர் ஒரே ஒரு அழுத்து அழுத்திவிட்டு, “குடல்வால். உடனே ஆபரேஷன் பண்ணணும், இல்லேன்னா வெடிச்சிடும்” என்றார். அவர் கேட்ட தொகைக்கு அப்பா உழவு மாட்டு ஜோடியை விற்பதாக முடிவு செய்தார். மாடு போனால் அந்த வருஷம் எங்கள் சுரக்குடி நிலம் தரிசுதான்.

ஆனாலும் வீட்டில் ஒரு கல்யாணக் களை. எங்கள் தெருவில் அதுவரை யாருக்கும் ஆபரேஷன் ஆனதில்லை. கத்தி படுவதற்கு முன்பே சொந்தக்காரர்கள் ஹார்லிக்ஸும் சாத்துக்குடியுமாக வந்து இறங்கினார்கள். நானும் கூச்சப்படாமல் குடித்தேன்.

அம்மாவுக்கு மட்டும் மனசு கேட்கவில்லை. மாட்டு வியாபாரி வருவதற்குள் அரசு ஆஸ்பத்திரி டாக்டரம்மாவிடம் ஒரு தடவை காட்டச் சொன்னாள். அவர் என்னைப் படுக்கவைத்து, தலையை மட்டும் தூக்கச் சொல்லி, வலிக்கிற இடத்தை அழுத்தினார். அலறினேன்.

“தம்பி, நாலு நாளைக்குள்ள என்ன கனமான வேலை செஞ்சீங்க?”

மாட்டிக்கொண்டேன். வேலைக்கு மனு போடப் போகிறேன் என்று சொல்லிவிட்டு, காரைக்கால்மேட்டு மீனவச் சிநேகிதர்களோடு கடற்கரையில் வீராப்பாகக் கரைவலை இழுத்த கதையை அப்பா முன்னாலேயே கக்க வேண்டியதாயிற்று.

“தலையைத் தூக்குறப்ப வலி கூடுது, அப்போ குடல்வால் இல்லை. சதை பிடிச்சிருக்கு, அவ்வளவுதான். காய்ச்சலோ வாந்தியோ வந்தா எந்நேரமும் கூட்டியாங்க, நானே பார்க்குறேன். ரெண்டு நாள் பொறுங்க ஐயா, மாட்டை விக்காதீங்க.”

“ஒரு ஊசியாச்சும் போட்டு விடுங்கம்மா” என்றார் அப்பா.

“தேவையில்லைங்க.”

வெளியே வந்ததும் அப்பா பொருமினார். “காசும் வாங்கல, ஊசியும் போடல. இந்தம்மா என்னத்த டாக்டரு?” அவரைச் சொல்லிக் குற்றமில்லை, அன்றைக்கு ஊரே அப்படித்தான் நினைத்தது. என்றாலும் வியாபாரியை ரெண்டு நாள் கழித்து வரச் சொன்னார்.

மூன்றாம் நாள் வலி போன இடம் தெரியவில்லை. பொய் சொன்னதற்குத் தண்டனையாக அப்பா என்னையே ஏர் பிடிக்க வைத்தார். ஒரு சால் ஓட்டித் திரும்பினால், செருப்பைக் கையில் பிடித்தபடி வரப்பில் தட்டுத்தடுமாறி டாக்டரம்மா வருகிறார்! சேற்றில் நின்ற என் நெற்றியைத் தொட்டார். வயிற்றை அமுக்கிப் பார்த்தார். பிறகு அப்படியே வரப்பில் உட்கார்ந்துவிட்டார்.

“அப்பாடா. ரெண்டு நாளா எனக்குச் சோறு இறங்கலை தம்பி. நான் சொன்னது தப்பாப் போயிருந்தா?”

அப்பா தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டிக்கொண்டார்.