அப்பாவுக்குக் கேட்காத மழை

படங்களுக்கு ஒலி சேர்ப்பது என் தொழில். அப்பாவுக்கோ மாநகர சபையில் வேலை செய்த காலத்திலேயே இரண்டு காதும் கேட்காமல் போய்விட்டது. நான் வேலை செய்த முதல் படம் கண்டிக்கு வந்தபோது, மஹய்யாவ வீட்டிலிருந்து அவரைக் கூட்டிப்போனேன். திரையில் என் பெயரைப் பார்த்ததும் கைதட்டினார்.

வெளியே ஆட்டோவுக்கு நின்றபோது கேட்டார்: "நாவலப்பிட்டிக்குப் போயி மழைச் சத்தம் ரெக்கோட் பண்ணுனியே, அது எந்த இடத்துலம்மா வந்துச்சு?"

படத்தில் அந்தப் பெண் வாசலில் நின்ற இடம் என்று டிக்கெட்டின் பின்பக்கம் எழுதிக் காட்டினேன். அந்தக் காட்சியில் மழை கண்ணுக்குத் தெரியாது, சத்தம் மட்டும்தான்.

"அங்க மழையா பெய்ஞ்சுச்சு? அந்தப் புள்ள சும்மா நிக்குதுன்னுல்ல நெனச்சேன்" என்றார்.

அதற்குப் பிறகு எத்தனையோ படங்களுக்கு ஒலி சேர்த்துவிட்டேன். அந்த மழையை அவர் ஒருமுறை கேட்டிருக்கக் கூடாதா என்ற ஏக்கம் மட்டும் போகவில்லை.