லண்டன் டாக்டரின் உடைந்த ஜெர்மன்

இன்று பக்கத்து வீட்டு மாலா அக்காவோடு சேர்ந்து, ஜெர்மன் மொழியில் டப்பிங் செய்த பிரித்தானியத் துப்பறியும் தொடர் ஒன்றைப் பார்த்தேன்.

பிரேதப் பரிசோதனை செய்யும் டாக்டராக ஒரு லண்டன் தமிழ் நடிகர் வந்தார். பல வருடங்களாகச் சின்னப் பாத்திரங்களிலேயே நடிப்பவர். வாயைத் திறந்ததும் தட்டுத் தடுமாறிய ஜெர்மன் வந்தது.

"பாவம் மனுசன். லண்டனிலை பிறந்தும் பாஷை சரியா வரேல்லை" என்றார் அக்கா.

"அது அவரின்ரை குரல் இல்லை அக்கா, டப்பிங் குரல். ஆங்கிலத்திலை அவர் அசல் லண்டன்காரர் மாதிரித்தான் கதைக்கிறவர்."

கொலைகாரன் ஸ்கொட்லாந்து வெள்ளைக்காரன். அவனுக்குச் செய்தி வாசிப்பவரைப் போலச் சுத்தமான ஜெர்மன். படித்த டாக்டருக்கு மட்டும் திக்கித் திணறும் உடைந்த ஜெர்மன். அந்த மனிதர் இத்தனை வருடம் நடித்ததெல்லாம் இந்த ஜெர்மனியில் கோமாளிக் கூத்தாகிவிட்டது.

நான் இங்கே டோட்மூண்ட் நகரிலேயே பிறந்தவள். நாளைக்கு என்னை டிவியில் காட்டினால், எனக்கும் ஜெர்மன் தெரியாத குரல் ஒன்றைத் தேடிப் பிடிப்பார்களோ?