நாமக்கல் தாவல்

இது நடந்து மூன்று வருடம் இருக்கும். நாமக்கல்லில் லாரி உதிரி பாகங்கள் விற்கும் கடை ஒன்றில் கவுண்டரில் நிற்பது என் வேலை. அன்றும் அங்கேதான் நின்றுகொண்டிருந்தேன். முக்கியமாக நடந்தது ஒரு முற்பகலில், அந்தக் கடைக்குள், பில் போடும் கம்ப்யூட்டருக்கு முன்னால்தான்.

அதைச் சொல்வதற்கு முன் என் பைத்தியத்தைச் சொல்லிவிட வேண்டும். பழைய வீடியோ கேம்களை எவ்வளவு சீக்கிரம் ஆடி முடிக்கலாம் என்று உலகம் முழுக்கப் போட்டி போடுகிறார்கள். ஆடியதை வீடியோ எடுத்து அதற்கென்றே இருக்கும் இணையதளத்தில் ஏற்ற வேண்டும். ஒவ்வொரு கேமுக்கும் அங்கே ஒரு தரவரிசைப் பட்டியல் உண்டு. வந்த வீடியோவில் தில்லுமுல்லு இருக்கிறதா என்று பார்த்து, நேரத்தைக் கணக்கிட்டு, பட்டியலில் சேர்ப்பதோ நிராகரிப்பதோ செய்பவர்களை மாடரேட்டர் என்பார்கள். சம்பளம் கிடையாது. எங்கள் கேமுக்கு ஐந்து மாடரேட்டர்கள். நான்கு பேர் வெளிநாட்டுக்காரர்கள், ஐந்தாவது ஆள் நான்.

என்னைச் சேர்த்துக்கொண்டதாக மெயில் வந்த அன்று வீட்டில் ஸ்வீட் வாங்கிக்கொண்டு போனேன். என் மனைவி ஒன்றைக் கடித்துக்கொண்டே, “ஏனுங்க, கூலியில்லாத வேலைக்கு ஸ்வீட்டு வாங்குன ஆளு நீங்க ஒருத்தருதானுங்க” என்றாள். எனக்கு அது பெருமையாகத்தான் இருந்தது.

சும்மா சேர்த்துக்கொள்ளவில்லை. அந்தப் பட்டியலில் ஏழு வருடமாக நான்தான் முதலிடம். கேம் ரொம்ப எளிமையானது. சுரங்கத்தில் மாட்டிக்கொண்ட ஓர் ஆள் பத்துக் கட்டங்களைக் கடந்து வெளியே வர வேண்டும். ஏழாவது கட்டத்தில் ஒரு சின்னப் பள்ளம் வரும். அதைத் தாண்டியதும் மேலிருந்து பாறை சரிகிற மாதிரி ஒரு காட்சி ஓடும். அந்த ஆறு வினாடியும் கையைக் கட்டிக்கொண்டு பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதுதான், தாண்டிப் போக வழி கிடையாது. எல்லோருக்கும் அந்தக் காட்சி வந்தது. எனக்கு மட்டும் வரவில்லை. நான் பள்ளத்தின் விளிம்பில் மிகச் சரியான நொடியில் குதிப்பதால்தான் காட்சி வராமல் போகிறது என்று வெளிநாட்டுக்காரர்கள் என் வீடியோவைப் பார்த்துப் பார்த்து முடிவு செய்தார்கள். அவர்களாகவே அதற்கு ‘நாமக்கல் தாவல்’ என்று பெயரும் வைத்தார்கள். அதைப் பழகிப் பார்க்காத ஆள் அந்தப் பட்டியலில் கிடையாது. ஒருவருக்கும் வரவில்லை.

பள்ளிக்கூடம் படித்த காலத்தில் பிரவுசிங் சென்டரில் ஆட ஆரம்பித்த கேம் அது. அங்கே வாங்கிய சிடியைத்தான் பிறகும் வைத்து ஆடினேன். அன்றிலிருந்து ஒரு தடவைகூட அந்தப் பாறைக் காட்சியை நான் பார்த்தது கிடையாது. சின்ன வயதிலேயே அத்தனை சுத்தமாகக் குதித்திருக்கிறேன் என்றுதான் நினைத்துக்கொண்டேன். நம்மைப் பற்றி யாராவது நல்லதாக ஒன்று சொன்னால் அதை ஏன் என்று கேட்கவா தோன்றும்?

அந்த வருடம் ஆடி மாதத்தில் ஒரு வீடியோ வந்தது. அந்த வாரம் வந்தவற்றைப் பார்க்கும் முறை என்னுடையது. அனுப்பியவரின் ஊர் பரமத்தி வேலூர் என்று இருந்தது; எங்கள் பக்கத்தில் வெறும் வேலூர் என்போம். நம்ம பக்கத்து ஆள் என்று ஆர்வமாகத் திறந்தேன். நேரம் என்னுடையதைவிட மூன்று வினாடி குறைவு. அப்படியென்றால் முதலிடம் அவருக்கு.

ஏழாவது கட்டத்தில் நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். பாறைக் காட்சி வரவில்லை. ஆனால் அவர் குதிக்கவும் இல்லை. பள்ளத்தில் இறங்கி, மெதுவாக அந்தப் பக்கம் ஏறினார். அவ்வளவுதான், அப்படியே நடந்து போய்விட்டார்.

என் கேமைத் திறந்து அதே இடத்துக்குப் போனேன். வாழ்நாளில் முதல் முறையாகக் குதிக்காமல் இறங்கி ஏறினேன். காட்சி வரவில்லை. இன்னும் நான்கு முறை செய்து பார்த்தேன். நின்றும் பார்த்தேன், திரும்பி நடந்தும் பார்த்தேன். வரவே இல்லை.

விஷயம் சிக்கலே இல்லாதது. அந்தக் காலத்தில் சேலத்தில் காப்பி போட்டு விற்ற சிடிகள்தான் எங்கள் பக்கத்து பிரவுசிங் சென்டர்களுக்கெல்லாம் வரும். ஒரே சிடியில் பத்து கேமை அடைப்பதற்காகக் காட்சிகளை வெட்டி எடுத்திருந்தார்கள். மற்ற காட்சிகளை யாரும் ஒரு பட்டனைத் தட்டித் தாண்டிவிடலாம் என்பதால் வித்தியாசம் தெரியவில்லை. தாண்ட முடியாத காட்சி இது ஒன்றுதான். அதுவும் வெட்டில் போயிருந்தது. என்னிடம் திறமை என்று எதுவும் இல்லை, குறைபட்ட சிடி ஒன்றுதான் இருந்தது. கடைக்கு வரும் ஆயில் சீலைத் தொட்டுப் பார்த்தே ஒரிஜினலா டூப்ளிகேட்டா என்று சொல்லும் ஆள் நான்.

அதுவரை நடந்தது அறியாமை. அதற்குப் பிறகு செய்ததுதான் நான் சொல்ல வந்தது.

வேலூர் வீடியோவை நிராகரித்தேன். காரணம் கேட்கும் கட்டத்தில், ‘மாற்றப்பட்ட கேம்’ என்று எழுதினேன். அது பொய்யும் இல்லை. என் வீடியோவைப் பற்றி யாரிடமும் மூச்சு விடவில்லை. பட்டியல் பக்கத்தில் அவர் பெயருக்கு நேராகச் சிவப்புக் குறி விழுந்தது. மற்ற மாடரேட்டர்கள் நான் நன்றாகக் கண்டுபிடித்ததாகப் பாராட்டினார்கள். அதற்கு நன்றி சொல்லிப் பதிலும் போட்டேன்.

நான்காம் நாள் அவரிடமிருந்து தமிழில் ஒரு செய்தி வந்தது. என்ன தப்பு என்று சொன்னால் திருத்திக்கொள்வதாக மரியாதையாக எழுதியிருந்தார். சிடி சரியில்லை என்று ஒரு வரி பதில் போட்டேன். நாமக்கல்லில் எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டார். யார் கேட்டாலும் கடைக்கு வழி சொல்லியே பழகிய கை, அதையும் விவரமாகத் தட்டிவிட்டது.

பதினோராம் நாள் காலை பதினோரு மணி வாக்கில் ஓர் அம்மா கடைக்கு வந்தார். நாற்பதைத் தாண்டிய வயது. டெம்போவுக்கு கிளட்ச் பிளேட் வேண்டும் என்று மாடல் நம்பரைக் காகிதத்தில் எழுதிக்கொண்டு வந்திருந்தார். எடுத்துக் கொடுத்தேன். வாங்கி வைத்துவிட்டு, “ஏனுங்க தம்பி, அந்தச் சுரங்க கேமு வெளையாடறது நீங்கதானுங்களா? நான் வேலூருங்க. எம்பட வீடியோவத்தான் நீங்க வேண்டாம்னுட்டீங்க” என்றார்.

நான் யாரோ கல்லூரி மாணவன் என்று நினைத்திருந்தேன். உட்காரச் சொன்னேன். அவர் தன்னைப் பற்றிச் சொன்னார். கல்யாணத்துக்கு முன் வேலூரில் ஒரு பிரவுசிங் சென்டரில் வேலை பார்த்தாராம். ஆள் வராத நேரத்தில் இந்த கேமைத்தான் ஆடுவாராம். இப்போது வெற்றிலைத் தோட்டம். மகள் கோயம்புத்தூரில் படிக்கிறாள். லீவில் வந்தவள்தான் அம்மா ஆடுவதைப் பார்த்துவிட்டு, இதற்கு ஒரு போட்டியே இருக்கிறது என்று சொல்லி, வீடியோ எடுத்து அனுப்பி, ஹாஸ்டலில் எல்லோரிடமும் பெருமையாகச் சொல்லியிருக்கிறாள்.

“அந்தச் செவப்புக் குறியப் பாத்துட்டு போன் பண்ணுனாளுங்க. ‘ஏம்மா, ஏமாத்துனியா’ன்னு கேட்டா. சிரிச்சுக்கிட்டுத்தான் கேட்டா தம்பி. ஆனா கேட்டுட்டா.”

என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அவர் கைப்பையிலிருந்து பென் டிரைவ் ஒன்றை எடுத்து மேஜைமேல் வைத்தார். தன் சிடி டூப்ளிகேட் என்று இப்போதுதான் தெரிகிறது, நான் வைத்திருக்கும் கேமையே அதில் ஏற்றிக் கொடுத்தால் புதிதாக ஆடி அனுப்பிவிடுவதாகச் சொன்னார்.

வீட்டில்தான் இருக்கிறது என்று சொல்லித் தப்பித்திருக்கலாம். ஆனால் கேம் கடைக் கம்ப்யூட்டரிலேயே திறந்து கிடந்தது. மதியத்தில் ஆள் இல்லாதபோது நான் பழகுவது அதில்தான். அதையும் அவர் பார்த்துவிட்டார். “அந்தக் குதிய ஒருக்கா காட்டுங்களேன். உங்க வீடியோவ எத்தன தடவ பாத்திருப்பேன்! எனக்கு வரவே மாட்டீங்குதுங்க” என்றார்.

ஆடினேன். ஏழாவது கட்டம் வந்ததும் விளிம்பில் குதித்தேன். காட்சி வரவில்லை. அவர் கைதட்டினார். டீக் கப்போடு நின்றிருந்த லாரி டிரைவர் ஒருவரும் எதற்கென்று தெரியாமலே கைதட்டினார். என் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த கைதட்டல் அது ஒன்றுதான். அதைக் கேட்க எனக்குக் கூசியது.

“நான் ஒருக்கா பாக்கட்டுங்களா?” என்று கேட்டு அவர் உட்கார்ந்தார். வேண்டாம் என்று சொல்ல வாய் வரவில்லை. விறுவிறுவென்று ஆடினார். என்னைவிட நன்றாக ஆடினார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஏழாவது கட்டத்தில் இரண்டு முறை குதிக்கப் பார்த்தார். இரண்டு முறையும் நொடி தப்பிப் பள்ளத்துக்குள் விழுந்தார். மேலே ஏறி, மற்றவர்கள் வீடியோவில் வருகிற மாதிரி பாறை சரியட்டும் என்று கையை எடுத்துவிட்டுக் காத்திருந்தார். திரையில் அந்தச் சுரங்க ஆள் சும்மா நின்றுகொண்டிருந்தான். ஒரு கல்கூட விழவில்லை.

அவர் பள்ளத்தில் மறுபடி ஒருமுறை இறங்கி ஏறிப் பார்த்தார். பிறகு, “உங்களுதும் நம்ம சேலத்துச் சிடிதானுங்களா?” என்றார்.

அவரே, “அட, வுடுங்க தம்பி. உங்களுக்கும் தெரியாம இருந்திருக்கும்” என்றார்.

ஆமாங்கக்கா என்று சொன்னால் முடிந்தது. நம்பியிருப்பார். இரண்டு பேரும் ஏமாந்துவிட்டோம் என்று சிரித்துப் பேசி, டீ குடித்து, பஸ் ஏற்றிவிட்டிருப்பேன். அந்த வார்த்தை நாக்கு நுனி வரை வந்தது. எந்தக் கேள்வியும் கேட்காமல் அந்த அம்மா அந்தச் சாக்கை எனக்குக் கொடுத்தாரே, அதுதான் தாங்க முடியவில்லை.

“தெரியுங்கக்கா. உங்க வீடியோ வந்தன்னைக்கே தெரியும். பதினோரு நாளாச்சு” என்றேன்.

திட்டுவார் என்று நினைத்தேன். அழுவாரோ என்றுகூட பயந்தேன். அவர் இரண்டும் செய்யவில்லை. போனை எடுத்து நம்பரை அழுத்தினார். “எம்புள்ளைகிட்ட நீங்களே சொல்லீருங்க” என்று நீட்டினார்.

முகம் தெரியாத ஒரு பெண்ணிடம், உங்கள் அம்மா ஏமாற்றவில்லை, ஏமாற்றியது நான் என்று முழுவதையும் சொன்னேன். அவள் குறுக்கே பேசவில்லை. முடித்ததும், சிவப்புக் குறியை எடுத்துவிடுவீர்களா என்று கேட்டாள். இன்றைக்கே எடுத்துவிடுகிறேன் என்றேன். “நீங்க ஃபர்ஸ்ட்டா இருக்கணும்னுதானுங்களா அப்படிப் பண்ணுனீங்க?” என்றாள். குரலில் கோபம் இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். ஆமாம்மா என்றேன். டிரைவர் டீக் கப்பைக் கையில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த அம்மா பென் டிரைவைப் பையில் போட்டுக்கொண்டார். கிளட்ச் பிளேட் பெட்டியைக் கையில் எடுத்து, “இது ஒரிஜினலுதானுங்களே?” என்றார். கேலியா, நிஜமாகவே கேட்டாரா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. “ஒரிஜினல்தானுங்க” என்றேன். “வாரேனுங்க” என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

மதியச் சாப்பாட்டுக்குக்கூடப் போகாமல் மற்ற மாடரேட்டர்களுக்கு என் அரைகுறை ஆங்கிலத்தில் எல்லாவற்றையும் எழுதினேன். என் வீடியோவை நானே பட்டியலிலிருந்து எடுத்தேன். நாமக்கல் தாவல் என்ற பெயரையும் அடித்தேன். அந்த அம்மாவின் பெயருக்கு நேராக இருந்த சிவப்புக் குறியை நீக்கி, அவர் மீது தவறில்லை என்று எல்லோரும் பார்க்கும் இடத்தில் எழுதினேன். பொறுப்பிலிருந்து விலகிக்கொள்வதாகவும் சொன்னேன்.

அவர்கள் பேசி முடிவெடுக்க ஒரு வாரம் ஆனது. காட்சி வெட்டப்பட்ட சிடிகளுக்குத் தனிப் பட்டியல் ஒன்று ஆரம்பித்தார்கள். அதில் இருப்பது இரண்டே பேர். முதலிடம் வேலூருக்கு. என்னை இரண்டு மாதம் ஒதுக்கி வைத்துவிட்டு மறுபடி சேர்த்துக்கொண்டார்கள். அவர் அனுப்பும் வீடியோக்களை மட்டும் வேறு யாராவது பார்க்கும்படி நானே கேட்டுக்கொண்டேன். ஆனால் எல்லாமே சரியாகிவிடவில்லை. மாடரேட்டர்களில் ஒருவர், ஒரு குளிர்காலம் முழுக்க உட்கார்ந்து அந்தத் தாவலைப் பழகியவர். அதை மட்டும் ஒரே வரியில் எழுதிவிட்டுக் குழுவை விட்டுப் போனார். மன்னிப்புக் கேட்டு எழுதினேன். இதுவரை பதில் இல்லை.

இப்போது எந்த வீடியோவை நிராகரிப்பதற்கு முன்பும் அனுப்பியவருக்கு எழுதி, விவரம் கேட்டுவிட்டுத்தான் செய்கிறேன். தெரியாமல் ஏழு வருடம் முதலிடத்தில் இருந்தேன், அதை நினைத்தால் சிரித்துவிடுவேன். தெரிந்தே இருந்தது பதினோரு நாள்தான், அந்தப் பதினோரு நாளை நினைத்து மட்டும் இன்றுவரை என்னால் சிரிக்க முடியவில்லை.