பொறு என்று ஒரு நாய்

பேய்க்கதை சொல்பவர்களை நையாண்டி பண்ணியே ஊரில் பெயரெடுத்தவன் நான். ஆகையால் இதை நீங்கள் நம்பாவிட்டால் எனக்குக் கோபமில்லை, உங்கள் இடத்தில் நான் இருந்தால் இன்னும் பெரிதாகச் சிரித்திருப்பேன்.

என் நாய்க்கு நான் வைத்த பெயர் ‘பொறு’. “நாய்ட பேர் என்ன?” என்று யாராவது கேட்டால் “பொறு” என்பேன், அவரும் பாவம் பொறுத்துக்கொண்டு நிற்பார். இந்தப் பகிடிக்காகவே வைத்த பெயர், என் புத்தி அவ்வளவுதான்.

அப்போது திருகோணமலையிலிருந்து தோணியில் கிண்ணியா அரிசி ஆலைக்கு வேலைக்குப் போய்வந்தேன். பொறு இறங்குதுறை வரை வந்து வழியனுப்பும். ஒருநாள் கடல் மோசம், தோணி விலகிய பிறகு அது பாயப் பார்த்தது. நிற்கச் சொல்லித்தான் “பொறு! பொறு!” என்று கத்தினேன். தன்னைக் கூப்பிடுகிறேன் என்று நினைத்து அது பாய்ந்துவிட்டது. தோணியைத் திருப்பிக்கொண்டு போனபோது வெறும் அலைதான் இருந்தது. அதற்குப் பிறகு அந்தச் சொல்லை நான் வாயில் எடுக்கவில்லை.

மாரி தொடங்கி ஒரு பின்னேரம் திரும்பி வருகிறோம், நானும் தோணிக்காரக் காக்காவும் மட்டும். முஸ்லிம் அண்ணன்மாரை எங்கள் பக்கம் காக்கா என்போம். நடுவில் மழை பிடித்து, இயந்திரமும் நின்று, கரை எந்தப் பக்கம் என்றே தெரியாமல் நீரோட்டம் எங்களை வெளிக்கடலுக்கு இழுக்கிறது. எனக்கோ நீந்த ஏலாது. எழும்பி நின்று நான் கத்திக் குழற, தோணி சரிந்தது.

“பொறுங்க தம்பி, இருங்க!” என்றார் காக்கா. நான் இருந்தால்தானே. அவருக்கு ஆத்திரம் வந்துவிட்டது.

“டேய், பொறு!”

இடப்பக்கம் ஒரு நாய் குரைத்தது.

“தம்பி, அது உங்கட நாய்ட சத்தமெல்லோ?” என்றவர், செத்ததாச்சே என்ற பயத்தில் மரியாதையாக “பொறுங்க!” என்று கூப்பிட்டுப் பார்த்தார். சத்தமில்லை. நாய்க்கு மரியாதைப் பன்மை எங்கே தெரியும்?

கடைசியில் நானே வாயைத் திறந்தேன். “பொறு!”

குரைத்தது. நான் கூப்பிட, அது குரைக்க, அந்தப் பக்கமாகக் காக்கா துடுப்புப் போட, நம்பினால் நம்புங்கள், தோணி நேரே இறங்குதுறையில் வந்து முட்டியது. அங்கே நாய் எதுவும் இல்லை.

இன்றைக்கும் குசினியிலிருந்து மனைவி என்னிடம் “பொறுங்கோ, சோறு போடுறன்” என்றால் ஒன்றுமில்லை. மகனிடம் “பொறு” என்றால்தான் நான் உட்கார்ந்திருக்கும் கதிரையின் காலில் வால் தட்டுகிற சத்தம் கேட்கும். குனிந்து பார்த்தால் ஒன்றும் இராது, நான் உடுத்திருக்கும் சாரத்தின் கரை மட்டும் நனைந்திருக்கும்.

ஒருமுறை அதை நாக்கில் வைத்துப் பார்த்தேன். உப்பு.