அம்மா எழுதாத கடிதங்கள்

என் அம்மாவுக்குக் கையெழுத்துப் போடக்கூடத் தெரியாது. மொட்டைக் கடுதாசி எழுதினாள் என்று அவளைத்தான் பிடித்துப் போனார்கள்.

நான் அப்போது கல்லூரியில் இரண்டாம் வருஷம். அம்மா தேங்காய்த்திட்டுத் துறைமுகத்தில் மீனை ஏலம் எடுத்து, பெரிய மார்க்கெட்டில் விற்றாள். எதிர்வீட்டில் ஒரு சொல்தா வீட்டம்மா. பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து செத்துப்போனவரின் மனைவி, மகனும் பிரான்சில். தண்ணீர்க் குழாய்க்காக இரண்டு பேருக்கும் ஒருநாள் சண்டை வந்தது. அம்மா வாய்க்கு வந்ததைப் பேசினாள்.

அடுத்த வாரத்திலிருந்து தெருவில் வீடு வீடாகக் கடிதம். எவள் எவனோடு போகிறாள், எந்தப் பிள்ளை யாருக்குப் பிறந்தது என்று பச்சை பச்சையாக. அதிகம் வந்தது அந்தம்மாவுக்குத்தான். புகார் கொடுத்ததும் அவர்தான்.

"இப்படிப் பேசறது இந்தத் தெருவுல ஒருத்திதான்" என்றாராம். போலீசுக்கு அது போதுமானதாக இருந்தது.

"எனக்கு எழுதத் தெரியாது சார்" என்றாள் அம்மா ஸ்டேஷனில். நானும் கூடப் போயிருந்தேன்.

"உன் பொண்ணுக்குத் தெரியுமில்ல?" எஸ்.ஐ. என் பக்கம் திரும்பி, ஒரு தாளை நீட்டி எழுதச் சொன்னார்.

மேசைமேல் கிடந்த கடிதங்களெல்லாம் கட்டம் போட்ட தாளில் இருந்தன. "இந்த மாதிரித் தாள் எங்க வீட்டுல இல்ல சார்" என்றேன்.

"வாய மூடிக்கினு எழுது."

பேனாவை எடுத்தேன். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நான்தான் சார். யாரோ ஒருத்தன்கிட்ட சொல்லி எழுத வச்சேன். எம் பொண்ண வுட்டுடுங்க."

ரேகை வைத்தாள். ஜாமீனுக்கு இரண்டு பேர் வேண்டும் என்றார்கள். அவளிடம் கடனுக்கு மீன் வாங்கித் தின்ற தெரு அது. ஒருத்தரும் வரவில்லை.

அவள் ஜெயிலில் இருக்கும்போதே எங்கள் வீட்டுக்கும் ஒரு கடிதம் வந்தது. என்னைப் பற்றி. ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் படித்தேன். வரிகளுக்கு அடியில் வேறு எழுத்துகள் பதிந்திருந்தன. மேல் தாளில் அழுத்தி எழுதியதன் தடம். 'அன்பு மகனுக்கு' என்று தொடங்கி, கீழே பிரெஞ்சில் ஒரு முகவரி.

ஸ்டேஷனுக்கு ஓடினேன். எஸ்.ஐ. தாளைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார். பிடித்துப் போன பத்தொன்பதாவது நாள் அம்மா வெளியே வந்தாள்.

"எதிர்வீட்டம்மாவ எப்ப சார் புடிப்பீங்க?"

"வயசானவங்கம்மா. கௌரவமான குடும்பம். இனிமே இப்படிச் செய்ய மாட்டேன்னு எழுதி வாங்கிட்டோம், வுடு."

என் அம்மாவுக்கும் வயதாகியிருந்தது. அதை யாரும் கேட்கவில்லை. மன்னிப்பு என்று ஒரு வார்த்தை, ஸ்டேஷனிலிருந்தோ தெருவிலிருந்தோ வரவில்லை. "ஒத்துக்கிட்டது உங்கம்மாதானே" என்று என்னிடமே கேட்டார்கள்.

புது வருஷத்தன்று அந்தம்மா வேலைக்காரியிடம் கேக் கொடுத்தனுப்பினார். அம்மா வாங்கி உள்ளே வைத்தாள். நான் அதை எடுத்துப்போய், அவர் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருக்கும்போதே சாக்கடையில் கொட்டினேன்.

அம்மா என்னைத் திட்டினாள். "ஒரே தெருவுல இருக்கணும்டி."

இருந்தோம். இன்றுவரை அந்தம்மாவிடம் நான் ஒரு வார்த்தை பேசியதில்லை.